முகம் மறைத்தவரும் முகம் காட்டியவரும்

அமெரிக்க அதிபர் நிக்சனைப் பதவி விலகவைத்த வாட்டர்கேட் விவகாரத்தைச் சொன்ன ‘ஆல் தி பிரசிடென்ட்ஸ் மென்’ 1976-இல் வெளிவந்தது. அதில் அரசின் உள்விவகாரத்தைக் கசியவிடும் ஆளுக்குச் சொந்தப் பெயர் கிடையாது. ‘டீப் த்ரோட்’ என்ற பட்டப்பெயர்தான். முகமும் பாதிதான் தெரியும். கார் நிறுத்தும் அடித்தளத்தில், இருட்டில் நின்று ஹால் ஹோல்புரூக் சிகரெட் பற்றவைப்பார். அந்த முகத்தில் விழும் வெளிச்சத்தை ஒளிப்பதிவாளர் கார்டன் வில்லிஸ் அளந்துதான் விட்டிருப்பார். டீப் த்ரோட் வருவதே சில காட்சிகளில்தான். ராபர்ட் ரெட்ஃபோர்டும் டஸ்டின் ஹாஃப்மனும் நடித்த இரண்டு ‘வாஷிங்டன் போஸ்ட்’ நிருபர்களே நாயகர்கள்.

நாற்பது ஆண்டுகள் கழித்து ஆலிவர் ஸ்டோன் தான் எடுத்த படத்துக்கு, அமெரிக்க அரசின் ரகசியக் கண்காணிப்பை அம்பலப்படுத்தியவரின் பெயரையே வைத்தார்: ‘ஸ்னோடென்’. அவருடைய காதல், வலிப்பு நோய், மனச்சங்கடம் எல்லாம் திரைக்கு வந்துவிட்டன. நிருபர்கள் ஹாங்காங் ஹோட்டல் அறையில் அவர் சொல்வதைக் கேட்கிறவர்களாகி விட்டார்கள். கடைசியில் நிஜமான எட்வர்ட் ஸ்னோடெனே வந்து பேசுகிறார்.

இதற்கிடையே கசியவிடும் கருவிகளும் அடியோடு மாறின. 1969-இல் ராணுவ ஆய்வாளர் டேனியல் எல்ஸ்பெர்க் வியட்நாம் போர் பற்றிய ரகசியப் பென்டகன் ஆவணங்களை, ஏறத்தாழ 7,000 பக்கங்களை, இரவிரவாக நகலெடுத்தார். ஸ்பீல்பெர்க்கின் ‘தி போஸ்ட்’ (2017) அந்த வேலையையும் காட்டுகிறது. ‘ஸ்னோடென்’ படத்திலோ எல்லாம் ஒரு ரூபிக் கனசதுரத்துக்குள் ஒளித்த மெமரி கார்டில் அடங்கிவிடுகிறது. பயமும் அதற்கேற்ப மாறியது. அன்று, 1976 படத்தில், வீட்டில் ஒட்டுக்கேட்கும் கருவி இருக்குமோ என்று அஞ்சி, பாட்டைச் சத்தமாக வைத்துவிட்டு டைப்ரைட்டரில் அடித்துப் பேசிக்கொண்டார்கள் நிருபர்கள். இன்று, லாரா பாய்ட்ராஸ் எடுத்து ஆஸ்கர் வென்ற ‘சிட்டிசன்ஃபோர்’ (2014) ஆவணப்படத்தில், பாஸ்வேர்டு அடிக்கும் முன் ஸ்னோடென் தலையோடு போர்வையைப் போர்த்திக்கொள்கிறார்.

பணம் போட்ட கைகளும் வேறு. 1976-இல் வார்னர் பிரதர்ஸ் தன் பர்பாங்க் ஸ்டுடியோவில் ‘போஸ்ட்’ செய்திக்கூடத்தையே எழுப்பியது; மேசைகளில் பரப்ப அசல் அலுவலகத்துக் குப்பைக் காகிதங்கள்கூட வரவழைக்கப்பட்டன. தன் படத்துக்குப் பெரிய அமெரிக்க ஸ்டுடியோ எதுவும் முன்வரவில்லை என்று ஸ்டோன் வெளிப்படையாகவே சொன்னார். படப்பிடிப்பில் பெரும்பகுதி ஜெர்மனியில் நடந்தது.

முடிவில்தான் பெரிய மாற்றம். பழைய படம் டெலிபிரிண்டரில் வரிவரியாக ஓடும் செய்திகளோடு முடிகிறது; கடைசிச் செய்தி நிக்சனின் பதவி விலகல். கசியவிட்டவர் என்ன ஆனார் என்று படமும் கேட்கவில்லை, பார்த்தவரும் கேட்கவில்லை. எஃப்.பி.ஐ.யின் இரண்டாம் நிலை அதிகாரி மார்க் ஃபெல்ட்தான் அவர் என்பது 2005-இல்தான் தெரிந்தது. 2017-இல் அவருக்கும் தனிப்படம் வந்தது. லியாம் நீசன் நடித்தார். இருட்டில் நின்றவரையும் வெளிச்சத்துக்கு இழுத்துவிட்டது புதிய காலம்.

‘அஃபிஷியல் சீக்ரெட்ஸ்’ (2019) இந்த மாற்றத்தை இன்னும் தெளிவாகக் காட்டுகிறது. பிரிட்டிஷ் உளவு அமைப்பில் மொழிபெயர்ப்பாளராக இருந்த கேத்தரின் கன், ஈராக் போருக்கு ஐ.நா. வாக்குகளைச் சேர்க்க, பாதுகாப்பு அவை உறுப்பு நாடுகளை வேவு பார்க்கச் சொன்ன அமெரிக்க மின்னஞ்சலைக் கசியவிட்டார். 2003 மார்ச் 2-இல் ‘அப்சர்வர்’ பத்திரிகை அதை வெளியிட்டது. அதே மாதம் போர் தொடங்கிவிட்டது. ஆகவே படம் போரை விட்டுவிட்டு வழக்கைப் பிடித்துக்கொள்கிறது: அவர் சிறைக்குப் போவாரா? 2004 பிப்ரவரியில் அரசுத் தரப்பு சாட்சியம் எதையும் முன்வைக்காமல் வழக்கைக் கைவிட்டது. பார்வையாளருக்குக் கிடைக்கும் நிம்மதி அவ்வளவுதான்.

அன்றைய படம் கேட்டது: அரசு என்ன செய்தது? இன்றைய படம் கேட்பது: சொன்னவருக்கு என்ன ஆனது? பத்திரிகை எழுதும், செனட் விசாரிக்கும், நீதிமன்றம் பிடிக்கும் என்ற நம்பிக்கை இருந்தபோது, தகவல் தந்தவர் நிழலிலேயே நிற்கலாம். அந்த நம்பிக்கை தேய்ந்த இடத்தில் தனிமனிதரின் துணிச்சல்தான் கதைக்கு மிச்சமாகிறது. அது உருக்குகிறது, மறுக்கவில்லை. ஆனால் ஒருவருக்காக உருகுகிற வேகத்தில் அவர் எதை அம்பலப்படுத்தினார் என்பது பின்னுக்குப் போய்விடுகிறது. தொலைபேசி எண்ணைச் சுழற்றி, கதவைத் தட்டி, ஒரே தகவலை இன்னொருவரிடம் உறுதிசெய்கிற அலுப்பான வேலையையே திரில்லராக்கிய 1976 படம் இந்த வகையில் இன்றும் ஒருபடி மேலேதான் நிற்கிறது.

மாறாதது ஒன்று உண்டு. எல்ஸ்பெர்க் மீது பாய்ந்ததும், 2013-இல் ஸ்னோடென் மீது பாய்ந்ததும் 1917-ஆம் ஆண்டின் அதே உளவுச் சட்டம்தான். நிக்சன் ஆட்களின் அத்துமீறல் வெளியே வந்ததால் 1973-இல் எல்ஸ்பெர்க் வழக்கு தள்ளுபடியானது. அமெரிக்காவில் தொலைபேசிப் பதிவுகளை அரசு மொத்தமாக அள்ளும் முறைக்கு 2015-இல் சட்டம் முற்றுப்புள்ளி வைத்தது. அதை அம்பலப்படுத்திய ஸ்னோடென், 2022-இல் ரஷ்யக் குடிமகனானார்.