மில்லு என்றால் எந்த மில்லு?

"அவரு மில்லுல வேலை பாக்காரு" என்று ராஜபாளையத்தில் சொன்னால், என்ன மில் என்று யாரும் திருப்பிக் கேட்பதில்லை. நூல் மில்தான். 1936இல் பி.ஏ.சி. ராமசாமி ராஜா ராஜபாளையம் மில்ஸைத் தொடங்கிய ஊராயிற்றே! அங்கே பஸ் ஏறி ஸ்ரீவில்லிபுத்தூரில் இறங்குங்கள். தூக்குவாளியோடு தெருவில் போகிற அம்மா சொல்லும் மில்லு, மிளகாய்ப் பொடி திரிக்கிற மில்லு.

அகராதி அந்த அம்மா பக்கம்தான். 'அரைத்தல்' என்ற பொருளுள்ள லத்தீன் சொல்லிலிருந்து வந்தது மில். கடைவாய்ப் பல்லை மோலார் என்பதும் அதே உறவுமுறையில்தான். அப்படியானால் நூல் எங்கே வந்து நுழைந்தது? தானியம் அரைக்க உதவிய தண்ணீர்ச் சக்கரத்தை, இங்கிலாந்தின் குரோம்ஃபோர்டில் 1771இல் தொடங்கிய ஆலையில் ஆர்க்ரைட் என்பவர் நூற்பு இயந்திரத்துக்குப் பூட்டினார். அரைக்கிற வேலை போனது. பெயர் மட்டும் தங்கிவிட்டது.

கொச்சை வழக்கு இன்னும் வேடிக்கை. 19ஆம் நூற்றாண்டு லண்டன்காரர்களுக்கு 'மில்' என்றால் குத்துச்சண்டை! இன்று ஜிம்மில் காசு கொடுத்து ஓடுகிறோமே ட்ரெட்மில், அதுவும் 1818 வாக்கில் சிறைக் கைதிகளை மிதிக்கவைத்த சக்கரத்தின் பெயர்தான்.

நம் தெற்கத்திப் பேச்சுக்கு இந்தச் சிக்கலே கிடையாது. மாவையும் திரிப்போம், நூலையும் திரிப்போம்.