செடியின் வேகத்துக்கு இறங்கிய கேமரா

1910இல் இங்கிலாந்தில் வெளிவந்த அந்தக் குறும்படத்தில் கதையும் இல்லை, நடிகரும் இல்லை. மொட்டுகள் ஒவ்வொன்றாக அவிழ்ந்தன, அவ்வளவுதான். 'ஒரு பூவின் பிறப்பு' என்ற அந்தப் படத்தை எடுத்தவர் பெர்சி ஸ்மித். கல்வித் துறையில் குமாஸ்தாவாக இருந்தவர். அவர் எடுத்த ஈயின் நாக்குப் படத்தைப் பார்த்துத்தான் தயாரிப்பாளர் சார்லஸ் அர்பன் அவரைச் சினிமாவுக்கு இழுத்தார்.

செடிகள் அசைகின்றன என்பதை அறிவியல் முன்பே அறிந்திருந்தது. ஸ்மித் பிறந்த 1880ஆம் ஆண்டில்தான் சார்லஸ் டார்வின் செடிகளின் இயக்கம் பற்றிய தம் நூலை வெளியிட்டார். செடிக்கு அருகே கண்ணாடித் தகட்டை வைத்து, நுனி நகர நகர அதில் புள்ளியிட்டுக்கொண்டே போனார். தண்டின் ஒரு பக்கம் சற்று வேகமாக வளரும். பிறகு அந்த வேகம் அடுத்த பக்கத்துக்கு மாறும். அதனால் வளரும் நுனி வட்டமிடுகிறது. ஆனால் அது கடிகாரத்தின் மணிமுள்ளைப் போல. நகர்வதை நம் கண் பிடிக்காது.

ஸ்மித் அதைப் பிடித்தது எளிய கணக்கால். ஊமைப்படங்கள் நொடிக்கு ஏறத்தாழ 16 சட்டகங்கள் ஓடின. கால் மணிக்கு ஒரு சட்டகம் எடுத்தால் ஒரு நாளைக்கு 96. திரையில் ஆறே நொடி. கணக்கு எளிது, செயல் கடினம். வெயில் ஏறி இறங்கினால் படம் மினுக்கும்; அதற்காக விளக்கை ஓயாமல் எரியவிட்டால் செடியின் போக்கே மாறிவிடும். நடுவில் ஒருமுறை கருவி நின்றாலும் பல நாள் உழைப்பு வீண். லண்டனின் சவுத்கேட் பகுதியில் இருந்த தம் வீட்டையே ஸ்மித் படப்பிடிப்புக் கூடமாக்கினார். கருவிகளைத் தாமே செய்தார். இரவில் தம்மை எழுப்ப மணிகளையும் பொருத்திக்கொண்டார்.

பின்னாளில் 'இயற்கையின் ரகசியங்கள்' தொடருக்காகச் சளிப்பூஞ்சையைப் படமாக்கினார். பெயர்தான் பூஞ்சை, உண்மையில் அது பூஞ்சையும் அல்ல, செடியும் அல்ல, விலங்கும் அல்ல. அதன் உடலுக்குள் கூழ் ஒரு திசையில் பாய்ந்து, நின்று, மறுதிசையில் திரும்பும்.

2010இல் ஜப்பானிய ஆய்வாளர்கள், டோக்கியோவைச் சுற்றியுள்ள ஊர்களின் இடங்களில் ஓட்ஸ் துணுக்குகளை வைத்து, அந்த உயிரின் ஓரினத்தை வளரவிட்டார்கள். உணவைத் தேடி அது பின்னிய வலை, நகரின் ரயில் பாதைகளோடு ஒப்பிடத்தக்கதாக இருந்தது. மூளையில்லாத உயிர் வழி தேடுவதையும் அன்று படிப்படியாகக் காட்டியவை இடைவெளிவிட்டு எடுத்த படங்களே. காலத்தின் அளவுகோலை மாற்றிவிட்டால், அசையாதது என்று நாம் ஒதுக்கியதும் ஆய்வுக்கு உரியதாகிவிடுகிறது.