பெண் என்ன நிறம்?



பெண் கேட்டு வருவோர், அவள் ஓதியவளா, குணம் எப்படி என்று விசாரிக்கும் முன்பே நிறத்தை விசாரிக்கிறார்கள். "நிறம் சற்று மட்டு" என்று சொல்லிவிட்டால், பெற்றவர் இன்னும் சில பவுன் கூட்டிப் போட வேண்டியதாகிறது. நம் காவிரிக் கழனியில் மண் கறுப்பென்று வயலைத் தள்ளுவார் உண்டா? விளைச்சலைத்தானே கேட்போம்!

அந்தச் சொல் தைத்த பெண்தான் களிம்பைத் தேடுகிறாள். 1975இல் 'ஃபேர் அண்ட் லவ்லி' நம் நாட்டில் விற்பனைக்கு வந்தது. 2020இல் அதன் பெயரிலிருந்து 'ஃபேர்' நீக்கப்பட்டது. பெயர்தான் மாறியது, பெண் பார்க்கும் கண்கள் மாறவில்லை.

தயாரிப்பாளர் முகவரியோ சேர்மானமோ அச்சிடாமல் விற்கப்படும் களிம்புகள் இன்னும் ஆபத்தானவை. அவற்றுள் சிலவற்றில் பாதரசம் கலந்துள்ளது. தோலுக்கு நிறம் தரும் மெலனின் உண்டாவதை அது தடுப்பதால் முகம் வெளுக்கிறது. அதே பாதரசம் தோல் வழியே இரத்தத்தில் கலந்து சிறுநீரகத்தைக் கெடுக்கிறது. கேரளத்தின் கோட்டக்கல்லில் 2021 முதல் 2023 வரை ஒருவகைச் சிறுநீரக நோயுடன் வந்த 22 பேரை மருத்துவர்கள் ஆராய்ந்தனர். அவர்களுள் 15 பேருக்கு அந்நோயின் அரிய வகை இருந்தது. அந்தப் பதினைவரில் 13 பேர் வெண்மைக் களிம்பு பூசியவர்கள்! பூசுவதை நிறுத்தியபின் பெரும்பாலோர் நலமடைந்தனர்.

இத்துன்பம் நமக்கு மட்டுமன்று. கறுப்பின மக்களே பெரும்பான்மையாக வாழும் ஜமைக்காத் தீவிலும் இவ்வழக்கம் பரவியதால், 'தோலைக் கொல்லாதீர்' என்று 2007இல் அந்நாட்டு அரசு பிரசாரம் செய்ய நேர்ந்தது.

மக்கா வெற்றியின்போது கஅபாவின் மீதேறிப் பாங்கு சொல்லும் பேற்றை, நபி (ஸல்) அவர்கள் கறுத்த மேனியரான பிலால் (ரலி) அவர்களுக்கே அளித்தார்கள். இறையச்சத்தால் அன்றி நிறத்தால் எவருக்கும் மேன்மை இல்லை என்று இறுதி ஹஜ்ஜில் அறிவித்தார்கள். தினமும் பாங்குக்குப் பதில் சொல்லும் நாவு, பெண்ணின் நிறத்தைக் கேட்கலாமா?

தாய்மாரே! களிம்பு பூசும் மகளுக்கு முகமோ காலோ வீங்கினால், சிறுநீர் நுரைத்தால் தாமதிக்காதீர்கள். களிம்பு டப்பாவையும் எடுத்துக்கொண்டு மருத்துவரிடம் செல்லுங்கள்.

மாப்பிள்ளையைப் பெற்றவர்களே! பெண் கேட்டுச் செல்லும் வீட்டில் நிறத்தைப் பற்றி ஒரு சொல்லும் பேசாதீர்கள். அந்த ஒரு சொல் இல்லையென்றால், பல வீடுகளில் களிம்புக்கு வேலையே இராது.