அணுமின் நிலையத்தில் ஒரு மெழுகுவர்த்தி

குளிர்சாதனம் ஓடிக்கொண்டிருக்கும் அறையின் கதவிடுக்கில் ஓர் ஊதுபத்தியைப் பிடித்துப் பாருங்கள். புகை நேராக மேலே எழாது. ஏதாவது ஒரு பக்கம் சாயும். காற்று எந்த வழியில் கசிகிறது என்பதை அது காட்டிக்கொடுத்துவிடும். மெழுகுவர்த்திச் சுடரும் இதே வேலையைச் செய்யும். ஆனால் சுடரை வைத்து இதைச் செய்து பார்க்க வேண்டாம். அப்படிச் செய்ததால் உலகின் மிகப் பெரிய அணுமின் நிலையங்களுள் ஒன்று ஏழு மணி நேரம் தீயோடு போராட வேண்டியிருந்தது.

அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில், டென்னசி ஆற்றங்கரையில் பிரவுன்ஸ் ஃபெரி அணுமின் நிலையம் இருக்கிறது. 1975 மார்ச் 22, நண்பகல். முதல் இரண்டு அணு உலைகள் முழு வேகத்தில் இயங்கிக்கொண்டிருந்தன. மூன்றாவது இன்னும் கட்டுமானத்தில் இருந்தது. கட்டுப்பாட்டு அறைக்குக் கீழே ஓர் அறை. கட்டுப்பாட்டு அறையிலிருந்து இறங்கும் ஆயிரக்கணக்கான கேபிள்கள் அங்கிருந்துதான் பிரிந்து, சுவரைத் துளைத்து, அணு உலைக் கட்டடத்துக்குள் செல்கின்றன. அந்தச் சுவர்த் துளைகளைக் காற்றுப் புகாமல் அடைக்கும் வேலையில் ஊழியர்கள் ஈடுபட்டிருந்தனர்.

காற்றுப் புகாமல் ஏன் அடைக்க வேண்டும்? அணு உலைக் கட்டடத்துக்குள் காற்றழுத்தத்தை வெளியே உள்ளதைவிடச் சற்றுக் குறைவாகவே வைத்திருப்பார்கள். அப்போது எங்காவது விரிசல் இருந்தாலும் வெளிக்காற்று உள்ளே வருமே தவிர, உள்ளே இருக்கும் கதிரியக்கத் துகள்கள் வெளியே போகா. நல்ல ஏற்பாடுதான். துளைகள் அதிகமானால் அந்த அழுத்த வேறுபாட்டைக் காக்க முடியாது. எனவே துளைகளில் பாலியூரித்தேன் நுரைப்பஞ்சைத் திணித்தார்கள். கசிவு நின்றதா என்று பார்க்க மெழுகுவர்த்தியைப் பிடித்தார்கள்.

ஒரு துளையில் கசிவு நிற்கவில்லை. சுடர் படுக்கைவாட்டில் நீண்டு உள்ளே இழுக்கப்பட்டது. நுரைப்பஞ்சு பற்றிக்கொண்டது. கதிரியக்கத்தை உள்ளேயே வைத்திருக்கச் செய்த காற்றோட்டமே இப்போது தீயைச் சுவரின் மறுபக்கத்துக்கு உறிஞ்சியது. ஊழியர்கள் டார்ச் விளக்கால் அடித்துப் பார்த்தார்கள், துணியைத் திணித்தார்கள், தீயணைப்பான்களைப் பீய்ச்சினார்கள். தீ மறுபக்கம் போய்விட்டது. இந்தப் பக்கம் என்ன செய்து என்ன பயன்?

இதில் என்னை அதிகம் உறுத்தும் செய்தி வேறு. இரண்டு நாள்களுக்கு முன்பும் இதே மாதிரி மெழுகுவர்த்தியால் ஒரு சிறு தீ ஏற்பட்டு, உடனே அணைக்கப்பட்டிருந்தது. அது பதிவேட்டிலும் எழுதப்பட்டது. ஆனால் மெழுகுவர்த்தி நிற்கவில்லை.

நுரைப்பஞ்சை அடுத்துக் கேபிள்களின் மின்காப்பு உறைகள் எரியத் தொடங்கின. இங்கே ஒன்றைத் தெளிவாகப் புரிந்துகொள்ளுங்கள். அணு எரிபொருள் விறகைப் போல எரிவதில்லை. தீ அணு உலையை நெருங்கவும் இல்லை. எரிந்தது சாதாரண பிளாஸ்டிக். கட்டடத்தின் அளவோடு ஒப்பிட்டால் எரிந்த பகுதியும் சிறியதே. ஆனால் அந்தச் சிறிய பகுதியில் 1,600க்கும் மேற்பட்ட கேபிள்கள் சேதமடைந்தன. அவற்றுள் 600க்கு மேற்பட்டவை பாதுகாப்பு அமைப்புகளுக்கு உரியவை.

கேபிள் எரிந்தால் விளக்கு அணைந்து போவதுதான் நமக்குத் தெரியும். கட்டுப்பாட்டு அறையில் நடந்தது அதைவிட விநோதமானது. காப்பு உறை உருகியதும் பக்கத்துப் பக்கத்துச் செப்புக் கம்பிகள் ஒன்றையொன்று தொட்டன. வர வேண்டிய சமிக்ஞை வரவில்லை. வரக்கூடாத சமிக்ஞை வந்தது. தேவையே இல்லாமல் அவசரகால பம்புகள் தாமாகவே ஓடத் தொடங்கின. அவற்றை நிறுத்தினால் மீண்டும் ஓடின. பலகையில் விளக்குகள் தாறுமாறாக ஒளிர்ந்து மங்கின. எந்த அளவுமானியை நம்புவது என்று தெரியாத நிலையில், தீப்பற்றி அரை மணி நேரம் கடந்தபின் முதல் உலையை நிறுத்தினார்கள். சற்று நேரத்தில் இரண்டாவது உலையும் நிறுத்தப்பட்டது.

நிறுத்திவிட்டால் ஆபத்து தீர்ந்தது அல்லவா என்று கேட்பீர்கள். தீரவில்லை. அணுப்பிளவு நின்றாலும், பிளவில் உண்டான கதிரியக்கப் பொருள்கள் தொடர்ந்து சிதைந்து வெப்பத்தை வெளியிட்டுக்கொண்டே இருக்கும். இதைச் சிதைவு வெப்பம் என்பர். முழு வேகத்தில் அந்த உலை உண்டாக்கிய வெப்பம் சுமார் 3,300 மெகாவாட். நிறுத்திய நொடியில் அதில் 6 அல்லது 7 விழுக்காடு மிஞ்சும். ஒரு மணி நேரத்தில் ஒரு விழுக்காட்டைச் சற்றே தாண்டி நிற்கும். அதுவே சுமார் 40 மெகாவாட், அதாவது 2 கிலோவாட் மின் கெட்டில்கள் 20,000 ஒரே நேரத்தில் கொதிப்பதற்குச் சமம். நிமிடத்துக்கு ஏறத்தாழ ஒரு டன் நீரை ஆவியாக்க அந்த வெப்பம் போதும். (மலேசியாவில் பாங்கியில் உள்ள ஆய்வு உலையின் மொத்த வெப்பத் திறனே 1 மெகாவாட்தான்.) இந்த வெப்பத்தை அணைக்கப் பொத்தான் எதுவும் கிடையாது. நீர் ஊற்றிக்கொண்டே இருக்க வேண்டும். எரிபொருள் கோல்கள் நீருக்கு வெளியே தெரிந்தால் சூடேறி உருகும்.

முதல் உலையின் அவசரகாலக் குளிரூட்டும் அமைப்புகள் ஒவ்வொன்றாகக் கைவிட்டன. எரிபொருளுக்கு மேல் வழக்கமாகச் சுமார் 5 மீட்டர் நீர் நிற்கும்; அது சுமார் 1.2 மீட்டராக இறங்கியது. ஊழியர்கள் அழுத்தம் தணிக்கும் வால்வுகளைத் திறந்து உலையின் அழுத்தத்தைக் குறைத்தார்கள். அப்போதுதான், அவசரத்துக்கென்று வடிவமைக்கப்படாத ஒரு சாதாரண பம்பால் உள்ளே நீரைத் தள்ள முடிந்தது. நீர்மட்டம் ஏறியது.

தீ மட்டும் எரிந்துகொண்டே இருந்தது. உதவிக்கு வந்த ஏதன்ஸ் ஊர்த் தீயணைப்புத் தலைவர் நீரைப் பயன்படுத்துங்கள் என்று பிற்பகலிலேயே சொன்னார். மின் கேபிள்கள் மீது நீர் பட்டால் மின்கசிவு ஏற்பட்டு, மிஞ்சியிருக்கும் கருவிகளும் போய்விடுமோ என்று நிலையத்தினர் தயங்கினர். அந்த அச்சத்தை முட்டாள்தனம் என்று ஒதுக்க முடியாது. ஆனால் மாலை ஏழு மணியளவில் வேறு வழியின்றி நீரைப் பாய்ச்சியபோது, பகல் முழுவதும் அடங்காத தீ சில நிமிடங்களில் அடங்கியது. யாரும் இறக்கவில்லை. சுற்றுப்புறத்தில் ஆபத்தான கதிரியக்கக் கசிவும் இல்லை. இரண்டு உலைகளும் ஓராண்டுக்கு மேல் மூடிக் கிடந்தன.

ஒன்று பழுதானால் இன்னொன்று என்று பல பம்புகள் இருந்தனவே, ஏன் எல்லாம் போயின? ஒரு சிறு கணக்கு போடுவோம். ஒரு பம்பு தேவையான நேரத்தில் ஓடாமல் போகும் வாய்ப்பு 100இல் 1 என்று கணக்குக்காக வைத்துக்கொள்வோம். இரண்டு பம்புகளும் சேர்ந்து ஓடாமல் போகும் வாய்ப்பு 10,000இல் 1. மூன்று என்றால் ஒரு மில்லியனில் 1. கேட்க நிம்மதியாக இருக்கிறது. ஆனால் இப்படிப் பெருக்குவதற்கு ஒரு நிபந்தனை உண்டு: அவை ஒன்றையொன்று சாராத நிகழ்வுகளாக இருக்க வேண்டும். மூன்று பம்புகளின் கேபிள்களும் ஒரே அறை வழியாகப் போனால், அந்த அறையில் பிடிக்கும் ஒரு தீக்கு அவை மூன்று பம்புகள் அல்ல, ஒரே பம்பு. பிரவுன்ஸ் ஃபெரியின் வரைபடத்தில் பல அமைப்புகள் இருந்தன. சுவரில் அவை பக்கத்துப் பக்கத்தில் ஓடின.

ஆகவே அணுமின் நிலையத்தில் தீ அபாயத்தை மதிப்பிடுபவர்கள் தீயணைப்பான்களை எண்ணுவதோடு நிற்பதில்லை. நிலையத்தை அறை அறையாகப் பிரிக்கிறார்கள். இங்கே எரியக்கூடியது எது? எண்ணெயா, கேபிளா, யாரோ விட்டுப்போன பெயிண்ட் டின்னா? எதனால் பற்றும்? எத்தனை நிமிடத்தில் பரவும்? பிறகு முக்கியமான கேள்வி: இந்த அறையில் உள்ள அனைத்தும் சாம்பலானாலும், உலையை நிறுத்திக் குளிர்விக்க வேறு ஒரு வழியாவது மிஞ்சுமா? இதற்குப் பதில் சொல்ல, ஒவ்வொரு கேபிளும் எங்கே தொடங்கி எந்தெந்த அறை வழியாக எங்கே முடிகிறது என்று தேடிப் பிடிக்க வேண்டும். சலிப்பூட்டும் வேலை. ஆனால் என் கணிப்பில், பளபளப்பான கருவிகளைவிட இந்த வேலைதான் அதிகம் காக்கிறது.

1980இல் அமெரிக்க அணுசக்தி ஒழுங்குமுறை ஆணையம் இதைச் சட்டமாக்கியது. ஒன்றுக்கொன்று மாற்றாக இருக்கும் இரண்டு அமைப்புகளின் கேபிள்களுக்கு நடுவே 3 மணி நேரம் தீயைத் தாங்கும் தடுப்பு வேண்டும். இல்லையென்றால், 20 அடி, அதாவது சுமார் 6 மீட்டர் இடைவெளி வேண்டும். அந்த இடைவெளியில் எரியும் பொருள் எதுவும் இருக்கக் கூடாது. தீ உணர்கருவியும் தானியங்கித் தீயணைப்பு வசதியும் இருக்க வேண்டும். மூன்றாவது வழி, ஒரு மணி நேரம் தாங்கும் தடுப்போடு அதே இரண்டு வசதிகள். கட்டுப்பாட்டு அறையே புகையில் மூழ்கினால், வேறோர் இடத்திலிருந்து உலையைக் குளிர்விக்கவும் முடிய வேண்டும்.

விதி எழுதினால் போதாது. கேபிள்களைச் சுற்றி மூட 'தெர்மோ-லாக்' என்ற பொருளைப் பல நிலையங்கள் வாங்கின. 1990களின் தொடக்கத்தில் அதைச் சோதித்தபோது, சொன்ன நேரம்வரை பல அமைப்புகளில் அது தாங்கவில்லை என்று தெரிந்தது. மாற்றவும் வலுப்படுத்தவும் ஆண்டுகள் பிடித்தன.

தீ எப்போதும் மெழுகுவர்த்தியோடு வருவதும் இல்லை. 1993 மார்ச் 31 அதிகாலை, இந்தியாவின் உத்தரப் பிரதேச மாநிலத்து நரோரா அணுமின் நிலையத்தில், சுழன்றுகொண்டிருந்த நீராவிச் சுழலியின் இரண்டு அலகுகள் உடைந்தன. சமநிலை குலைந்து எந்திரம் அதிர்ந்தது. மின்னாக்கியைக் குளிர்விக்கும் ஹைட்ரஜன் வாயு கசிந்து பற்றியது, எண்ணெயும் சேர்ந்துகொண்டது. தீ கேபிள்கள் வழியே பரவியது. பிரவுன்ஸ் ஃபெரி நடந்து 18 ஆண்டுகள் ஆகியிருந்தன. இங்கும் மாற்று மின்வழிகளின் கேபிள்கள் போதிய அளவு பிரிக்கப்படவில்லை. நிலையம் முழுவதும் மின்சாரம் போனது. கட்டுப்பாட்டு அறைக்குள் புகை நுழைந்ததால் ஊழியர்கள் வெளியேற வேண்டியிருந்தது.

உலை உடனே நிறுத்தப்பட்டிருந்தது. ஆனால் சிதைவு வெப்பம் காத்திருக்குமா? சில ஊழியர்கள் டார்ச் விளக்கோடு இருட்டில் கட்டடத்தின் மேலே ஏறினார்கள். அணுப்பிளவு மீண்டும் தொடங்கிவிடாமல் இருக்க, போரான் கலந்த கரைசலை உலைக்குள் விடும் வால்வுகளைக் கையாலேயே திறந்தார்கள். அந்தக் கரைசல் புவியீர்ப்பால் தானே இறங்கும். அதற்கு மின்சாரம் தேவையில்லை. டீசலில் ஓடும் தீயணைப்பு பம்புகளை இயக்கி, தீயை அணைக்க வைத்திருந்த நீரை நீராவி உற்பத்திக் கலன்களுக்குள் செலுத்தினார்கள். மின்சாரம் இல்லாத 17 மணி நேரமும் உலையைக் குளிர்வித்தது அந்தத் தீயணைப்பு நீர்தான்.