தலைப்பாகை கட்டிய கம்பளைக்காரர்

பிலிமத்தலாவையில் வாழும் நமக்குத் தெற்கே அயலூர் கம்பளை. பதினான்காம் நூற்றாண்டில் அரசிருக்கையாய் விளங்கிய அந்நகரைச் சரித்திர மாணவர் நன்கறிவர். ஆயின், பிரித்தானியத் திரைப்படங்களிலும் தொலைக்காட்சியிலும் பல்லாண்டுகள் தோன்றிய நடிகர் ஒருவர் அங்கே பிறந்தவர் என்பதை அறிந்தோர் சிலரே. 1937 டிசம்பர் 19ஆம் நாள் பிறந்த அல்பேர்ட் மோசஸ் என்பாரே அவர்.

அவரை நட்சத்திரம் என்றழைத்தல் பொருந்தாது. கொடுத்த வேடத்தைக் கட்டி, ஊதியம் பெற்று, அடுத்த அழைப்புக்குக் காத்திருக்கும் உழைப்பாளி நடிகர் அவர். இந்தியப் படங்களில் நடிக்கத் தொடங்கி, ஆபிரிக்காவில் விவரணப் படங்களில் பணிபுரிந்து, 1970களின் தொடக்கத்தில் இங்கிலாந்து சேர்ந்தார். அங்கே கிடைத்தவை பெரும்பாலும் சில நிமிட வேடங்களே. 'த ஸ்பை ஹூ லவ்ட் மீ' (1977) என்னும் ஜேம்ஸ் பொண்ட் படத்தில் மதுச்சாலைப் பணியாளர். 'அன் அமெரிக்கன் வேர்வூல்ஃப் இன் லண்டன்' (1981) படத்தில் ஆஸ்பத்திரிச் சிற்றூழியர். 'ஒக்டோபுசி' (1983) படத்திலோ பொண்டுக்குத் துணைநிற்கும் சதுருதீன் ஆனார். பெயருள்ள பாத்திரம்! சிறுவேட நடிகருக்கு அதுவே பதவியுயர்வு.

எனினும், வீடுதோறும் அவர் முகத்தைக் கொண்டு சென்றது 1977 முதல் 1979 வரை 29 பகுதிகளாக ஒளிபரப்பான 'மைண்ட் யுவர் லாங்குவேஜ்' என்னும் நகைச்சுவைத் தொடரே. லண்டனில் மாலை வகுப்புக்கு ஆங்கிலம் கற்கவரும் பிறநாட்டார் கதை அது. மோசஸ் அதில் ரஞ்சித் சிங் என்னும் சீக்கியர். பிழை நேர்ந்தால் ஆயிரம் மன்னிப்புக் கோருவார். அடுத்த கணமே பாக்கிஸ்தானிய மாணவருடன் சண்டைக்கு நிற்பார். அந்தப் பாக்கிஸ்தானியராக நடித்த டினோ ஷபீக் டாக்காவிற் பிறந்தவர். கம்பளைக்காரர் சீக்கியராகலாம், டாக்காக்காரர் பாக்கிஸ்தானியராகலாம். தயாரிப்பாளர் கண்ணுக்கு எல்லாம் ஒன்றே!

தமக்கு நன்கு தெரிந்த ஆங்கிலத்தைத் தெரியாததுபோற் பேசுவதற்கே மோசஸ் ஊதியம் பெற்றார். இதை எண்ணும்போது நமக்குச் சிரிப்போடு சிறிது மனக்கசப்பும் உண்டாகிறது. பிற இனத்தாரை ஒரே அச்சில் வார்த்துக் கேலி செய்கிறதென்ற கண்டனத்துக்கிடையே அத்தொடர் நிறுத்தப்பட்டது. கண்டனம் நியாயமானதே. ஆயினும், இந்தியாவிலே 1993இல் 'ஸபான் சம்பால்கே' என்ற பெயரில் அதையே இந்தியில் எடுத்துச் சிரித்தார்கள்! நடிகரைக் குறைகூற நமக்கு மனம் வரவில்லை. வேறு வேடம் கேட்டால் யார் கொடுத்திருப்பார்?

பின்னர் 'த ஜுவல் இன் த கிரவுன்' (1984) தொடரிலும், 'ஈஸ்ட் இஸ் ஈஸ்ட்' (1999) படத்திலும் நடித்தார். 2017 செப்டெம்பர் 15ஆம் நாள், தமது 79ஆம் வயதில் காலமானார்.

'ஒக்டோபுசி'யைப் பார்க்க வாய்ப்புக் கிட்டும் மாணவர்கள், உதயப்பூர்க் காட்சிகளில் சதுருதீனின் பேச்சைச் சற்றுச் செவிமடுத்துக் கேட்பார்களாக. அங்கே அவர் ஆங்கிலத்தைச் சிதைக்கவில்லை.