கிஷோர் வெட்டிய காட்சிகள்

செர்காம், மெர்லிமாவ் பக்கம் கல்யாணக் காணொளிகளை வெட்டி ஒட்டப் பழகும் இளையோர் அறிந்திருக்க வேண்டிய பெயர், தமிழ்நாட்டின் படத்தொகுப்பாளர் டி.இ. கிஷோர்.

பி. லெனின், வி.டி. விஜயன் இருவரிடமும் உதவியாளராக இருந்து தொழில் கற்றவர். 2009-இல் ‘ஈரம்’ படத்தில் தனித் தொகுப்பாளரானார். அடுத்து ‘ஆடுகளம்’ தேசிய விருதை வாங்கித் தந்தது. அதில் வரும் சேவல் சண்டையை மறுபடி ஒருமுறை பாருங்கள். சேவலுக்கும் சுற்றி நிற்பவர்களின் முகங்களுக்கும் காட்சி மாறி மாறித் தாவுவதில்தான் பதற்றமே ஏறுகிறது. எந்த முகத்தை எத்தனை நொடி காட்டுவது என்பதுதான் தொகுப்பாளரின் வேலை. மென்பொருளைச் சில வாரங்களில் பழகிவிடலாம். இந்தக் கண் அமைய ஆண்டுகள் பிடிக்கும்.

சினிமாவோ தொலைக்காட்சியோ, வெளியாகும் தேதி குறித்தாகிவிட்டால் படப்பிடிப்பில் போன நாள்களைக் கண்விழித்து ஈடுகட்டுபவர் பெரும்பாலும் தொகுப்பாளரே. சம்பளம் பேசும்போது இதை யாரும் சொல்வதில்லை.

‘விசாரணை’ படத்தின் தொகுப்புப் பணியில் இருந்தபோது கிஷோர் மயங்கி விழுந்தார். மூளையில் இரத்தக் கட்டு. 2015 மார்ச் 6-இல் காலமானார், வயது 36. மறு ஆண்டு, அதே படத்துக்காக அவருக்கு இரண்டாவது தேசிய விருது அறிவிக்கப்பட்டது.