காளி செத்த உலகமும் காளி பிழைத்த உலகமும்

எதார்த்தம் ஓரிடத்தில் கீறிக்கொண்டு இரண்டாகப் பிளக்கிறது; பிளந்த இரண்டும் ஒன்றையொன்று கண்ணாடிபோலப் பார்த்து நிற்கின்றன. இந்தக் கற்பனையை மேலைநாட்டுச் சரக்கு என்று ஒதுக்கிவிடுவது நம் எதார்த்தவாத விமர்சகர்களுக்கு ரொம்ப வசதி. போர்ஹே 1941இல் கிளைபிரியும் பாதைகளின் தோட்டத்தைப் பற்றி எழுதினார். 1957இல் ஹியூ எவரெட் என்ற இயற்பியலாளர், குவாண்டம் அளவீட்டில் ஒரு விடை மட்டும் தேறி மற்றவை அழிவதாகக் கொள்ளத் தேவையில்லை, எல்லா விடைகளும் தத்தம் கிளையில் நிகழ்வதாகவே கொள்ளலாம் என்றார். இருக்கட்டும். தமிழில் இதை மிகக் கறாராகச் செய்துபார்த்த பிரதிகள் எங்க பக்கத்து மேட்டாங்காட்டிலிருந்து வந்தவை. ரிக் வண்டிக்கும் விசைத்தறிக்கும் பேர்போன திருச்செங்கோட்டு வட்டாரத்திலிருந்து.

பெருமாள்முருகனின் ‘மாதொருபாகன்’ 2010இல் வெளிவந்தது. கதை சுதந்திரத்துக்கு முந்தைய காலத்தில் நடக்கிறது. காளிக்கும் பொன்னாவுக்கும் கல்யாணமாகிப் பன்னிரண்டு வருசமாகியும் குழந்தையில்லை. ஊர் அவளை ‘வறடி’ என்கிறது; அவனையும் சும்மா விடுவதில்லை. தேர்த்திருவிழாவின் பதினாலாம் நாள் இரவில் முகம் தெரியாத ஆணோடு கூடினால், அவன் சாமி. பிறப்பது சாமி கொடுத்த பிள்ளை. காளி சம்மதித்துவிட்டதாக நம்பவைத்து வீட்டார் பொன்னாவை அனுப்பிவைக்கிறார்கள். காளிக்குத் தெரியவருகிறது. பூவரச மரத்தின் கீழே அவனை விட்டுவிட்டு நாவல் நின்றுவிடுகிறது. செத்தானா, இருக்கிறானா?

எம்.ஏ. வகுப்பில் எங்களுக்குச் சொல்லித்தந்த நாவல் இலக்கணப்படி முடிவு என்பது முடிச்சு அவிழும் இடம். இங்கே முடிச்சு பிளவாகிறது. 2014இல் இரண்டு நாவல்கள் வந்தன. ‘ஆலவாயனில்’ காளி செத்துப்போகிறான். ‘அர்த்தநாரியில்’ பிழைத்துக்கொள்கிறான். ஒரே நாவலுக்குள் இரண்டு முடிவு வைப்பது வேறு. 1969இல் ஜான் ஃபவுல்ஸ் அப்படிச் செய்தார். அங்கே கதைசொல்லி ஒரு முடிவை முதலிலும் மற்றதைக் கடைசியிலும் வைத்தாக வேண்டும், கடைசியில் வருவதற்கு இயல்பாகவே ஒரு கனம் சேர்ந்துவிடுகிறது. தனித்தனிப் புத்தகமாக வரும்போது எது ‘நிஜமான’ தொடர்ச்சி என்று சொல்ல யாருக்கும் அதிகாரமில்லை, ஆசிரியருக்கும்கூட.

இப்படிப் பிளக்கும் கதைகளை எப்படி வாசிப்பது? இரு பக்கமும் என்னென்ன மாறுகிறது என்று பார்ப்பதுதான் நம் வழக்கம். மாறாமல் இருப்பதைப் பார்க்க வேண்டும் என்பேன். பிளவு ஒரே ஒரு புள்ளியில்தான்: ஒருவன் மூச்சு நின்றதா, நிற்கவில்லையா. சாதி அதேதான், தொண்டுப்பட்டி அதேதான், சொந்தபந்தம் அதேதான். காளியின் உயிர் என்ற ஒன்றை மட்டும் மாற்றிப் பார்த்தும் பொன்னாவின் மேல் விழுந்த பழி இரண்டிலும் அப்படியே இருக்கிறது. ஓர் உலகத்தில் சாவால் அவளைத் தண்டிக்கிறான், மற்றதில் பேசாமல் இருந்து தண்டிக்கிறான். அவளை ஏமாற்றி அனுப்பியவர்கள் யாரும் அவள் அளவுக்குச் சுமப்பதில்லை. சமூக எதார்த்தம் என்று நாம் பேசுவதை இவ்வளவு துல்லியமாகப் பிரித்துக் காட்ட எதார்த்தவாத எடுத்துரைப்பால் முடிந்திருக்காது.

எனக்கு ‘ஆலவாயன்’தான் மேலானது. காளி போனபிறகு தொண்டுப்பட்டியில் பெண்கள் கூடுகிறார்கள்: மாமியார் சீராயி, தாய் வல்லாயி, பொன்னா. ஒப்பாரியும் பழங்கதையும் வசவும் அங்கே தங்குதடையில்லாமல் வருகின்றன. வயிற்றிலிருப்பது காளியின் பிள்ளைதான் என்று ஊரை ஒப்புக்கொள்ள வைக்க வேண்டியிருக்கிறது. எல்லாருக்கும் தெரிந்த ஒன்றை எல்லாரும் தெரியாததாக வைத்துக்கொள்ளும் மூன்றாவது உலகம் அது. ‘அர்த்தநாரியில்’ உயிரோடிருக்கும் ஆணின் மௌனமே வீட்டை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது, பெண்கள் பேசுவதெல்லாம் அவனைச் சுற்றியே. சில இடங்களில் இழுக்கிறது என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

மலைமேல் இருக்கிற சாமியும் பிளந்த உடல்தான். வலப்பாதிக்கு வேட்டி, இடப்பாதிக்குச் சேலை. கல்லில் ஒரே உடம்பாக இருக்க முடிந்த ஆணும் பெண்ணும் அடிவாரத்தில் இரண்டு புத்தகமாகப் பிரிய வேண்டியிருக்கிறது.

அப்புறம் நிஜத்தில் கீறல் விழுந்தது. 2014 டிசம்பரில் சாதி அமைப்புகளும் இந்துத்துவ அமைப்புகளும் ‘மாதொருபாகனை’ எதிர்த்துக் கிளம்பின. திருச்செங்கோட்டில் பிரதிகள் எரிக்கப்பட்டன. நாவலின் சில பக்கங்கள் மட்டும் நகலெடுத்து விநியோகிக்கப்பட்டன. அந்தப் பக்கங்களை மட்டும் படித்தவர் கையில் இருந்தது வேறொரு நாவல். அதில் பொன்னாவின் பன்னிரண்டு வருசம் இல்லை. ‘எங்க ஊர்ப் பொம்பளைங்களைக் கேவலப்படுத்திட்டான்’ என்ற கோபம் அந்த நாவலுக்கு உரியது. அடுத்த பதிப்பில் ஊர்ப்பெயரை எடுத்துவிடுவதாக எழுத்தாளர் சொல்லிப்பார்த்தார், எடுபடவில்லை. 2015 ஜனவரி 12 அன்று நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்தில் ‘சமாதானப் பேச்சு’ நடந்தது. நிபந்தனையற்ற மன்னிப்பில் கையெழுத்து வாங்கினார்கள். ஓரிரு நாளில் முகநூலில் அறிவிப்பு வந்தது: எழுத்தாளன் பெருமாள்முருகன் செத்துவிட்டான், இனி ஆசிரியர் பெ. முருகன் மட்டுமே இருப்பான்.

நாவல் முன்கூட்டியே சொன்ன தீர்க்கதரிசனம் இது என்று நண்பர்கள் சிலிர்த்துக்கொள்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. பொன்னாவின் உடலின் மேல் ‘ஊர் மானம்’ என்ன அதிகாரத்தைச் செலுத்தியதோ அதையே எழுத்தின் மேலும் செலுத்தியது. ஒருவனே செத்தவனும் இருப்பவனுமாக ஆகும்படி செய்யும் யந்திரம் இங்கே ரொம்பக் காலமாகவே ஓடிக்கொண்டிருக்கிறது. இதில் அதிசயம் ஒன்றுமில்லை.

2016 ஜூலை 5 அன்று சென்னை உயர்நீதிமன்றம் அந்தச் சமாதான ஒப்பந்தம் யாரையும் கட்டுப்படுத்தாது என்றது. எழுத்தாளர் மீண்டும் எழுதட்டும் என்றது. அதே ஆண்டு ‘கோழையின் பாடல்கள்’ வந்தது, ‘பூனாச்சி’யும் வந்தது. 2018இல் இரட்டை நாவல்கள் அனிருத்தன் வாசுதேவனின் மொழிபெயர்ப்பில் ஆங்கிலம் போயின. 2019இல் ஜேசிபி பரிசின் குறும்பட்டியலில் இரண்டையும் சேர்த்து ஒரே இடம் கொடுத்தார்கள்.

தமிழில் இரண்டும் தனித்தனி அட்டையோடுதான் கிடைக்கின்றன. இனிமேல் படிக்கப்போகிறவர்கள் ‘அர்த்தநாரியை’ முதலில் எடுங்கள். காளியின் மௌனத்தைச் சகித்து முடித்துவிட்டு ‘ஆலவாயனுக்குள்’ போனால்தான், அந்த மூன்று பெண்களும் எவ்வளவு பேசுகிறார்கள் என்பது காதில் விழும்.